நோ மேன்ஸ் ஸ்கை விமர்சனம்: ஊதா நட்சத்திரங்கள் வந்த பிறகு

ஹலோ கேம்ஸ் நிறுவனத்தின் விண்வெளிப் பயண கேமான 'நோ மேன்ஸ் ஸ்கை'யில் விண்மண்டல வரைபடத்தைத் திறந்தால் திரை முழுக்க நிறப் புள்ளிகள். மஞ்சள், சிவப்பு, பச்சை, நீலம். 2025 ஜனவரியில் வந்த 'வேர்ல்ட்ஸ் பார்ட் 2' அப்டேட்டுக்குப் பிறகு ஊதாவும் சேர்ந்திருக்கிறது. எங்கே போக முடியும், எதைத் தோண்டலாம், அதற்கு என்ன கருவி வேண்டும் என்பதையெல்லாம் இந்த நிறங்களே தீர்மானிக்கின்றன. 2016-இல் கேம் வெளியான நாளிலிருந்தே இந்த ஏற்பாடு உண்டு. ஆனால் நட்சத்திரத்தின் நிறம் மாறினால் அதைச் சுற்றியுள்ள உலகமும் மாறும் என்ற எதிர்பார்ப்பு உண்மையில் நிறைவேறியது ஊதாவில்தான். கேமை இப்போது வாங்கலாமா, முன்பே வாங்கி ஓரமாக வைத்தவர்கள் திரும்பி வரலாமா என்ற கேள்விகளுக்கு இந்த நட்சத்திர வகைகளை வைத்தே பதில் சொல்லிவிட முடியும்.

ஒவ்வொரு நட்சத்திரத்துக்கும் ஓர் எழுத்து, ஓர் எண், சிலவற்றுக்குப் பின்னால் ஒட்டிய சிறு எழுத்துகள் என ஒரு குறியீடு இருக்கிறது. விளையாடுபவருக்கு முக்கியம் முதல் எழுத்துதான். எஃப், ஜி என்றால் மஞ்சள். கே, எம் என்றால் சிவப்பு. இ என்றால் பச்சை. ஓ, பி என்றால் நீலம். எக்ஸ், ஒய் என்றால் ஊதா. நட்சத்திரம் விட்டு நட்சத்திரம் பாயும் கருவிக்கு ஹைப்பர்டிரைவ் என்று பெயர். தொடக்கத்தில் கிடைக்கும் கப்பலின் ஹைப்பர்டிரைவ் மஞ்சள் நட்சத்திரங்களுக்கு மட்டுமே பாயும். சிவப்புக்குக் கேட்மியம் டிரைவ், பச்சைக்கு எமெரில் டிரைவ், நீலத்துக்கு இண்டியம் டிரைவ், ஊதாவுக்கு அட்லாண்டிட் டிரைவ் வேண்டும். ஆரம்பக் காலத்தில் இந்த இடத்தில் சிக்மா, டௌ, தீட்டா என்ற பெயர்களில் வார்ப் ரியாக்டர்கள் இருந்தன. 2018-இல் வந்த 'நெக்ஸ்ட்' அப்டேட் அவற்றை எடுத்துவிட்டு, நிறத்துக்கு ஓர் உலோகம் என்று கொடுத்தது: மஞ்சளுக்குச் செம்பு, சிவப்புக்குக் கேட்மியம், பச்சைக்கு எமெரில், நீலத்துக்கு இண்டியம். நட்சத்திர அமைப்பில் நடந்த முதல் நல்ல மாற்றம் அது. ஒரு நிறத்தில் தோண்டும் உலோகமே அடுத்த நிறத்துக்குச் சாவி ஆனது.

கணக்கு இப்படி: கேட்மியம் டிரைவுக்கு 250 குரோமேட்டிக் மெட்டலும் (உலோகங்களைச் சுத்திகரித்துப் பெறுவது) 3 வயரிங் லூமும் (கடையில் வாங்கும் உதிரிப் பாகம்). எமெரில் டிரைவுக்கு 250 கேட்மியமும் 4 வயரிங் லூமும். இண்டியம் டிரைவுக்கு 250 எமெரிலும் 5 வயரிங் லூமும். மூன்றுக்கும் சேர்த்து 12 வயரிங் லூம். விண்வெளி நிலையத்தின் வணிக முனையத்தில் ஒன்று ஏறக்குறைய 50,000 யூனிட் (கேமின் பணம்) என்று வைத்தால், லூமுக்கு மட்டும் 6 லட்சம் யூனிட் ஆகும். இந்த டிரைவ்களின் செய்முறை வரைபடங்களை ஸ்பேஸ் அனாமலி என்ற சிறப்பு நிலையத்தில் ஹைப்பீரியன் என்ற பாத்திரத்திடம் நானைட் என்ற இன்னொரு நாணயம் கொடுத்து வாங்க வேண்டும். புதியவர்கள் பெரும்பாலும் தடுமாறுவது இங்கேதான். யூனிட் கைநிறைய இருக்கும், உலோகமும் இருக்கும், நானைட்டைத் துப்பாக்கி மேம்பாடுகளில் கரைத்திருப்பார்கள். முதல் சில மணி நேரத்தில் சேரும் நானைட்டை இந்த வரைபடங்களுக்கு ஒதுக்கி வைப்பது நல்லது. குறைந்தால் ரன்அவே மோல்ட் என்ற பூஞ்சையைச் சேகரித்து, ஒரு பொருளை இன்னொன்றாக மாற்றும் ரிஃபைனரில் போடலாம். ஐந்துக்கு ஒரு நானைட் வரும்.

டிரைவ் என்பது கப்பலில் பொருத்தும் கருவி. அதனால் பொருத்திய கப்பலுக்கு மட்டுமே அந்த உரிமை. இன்னொரு கப்பல் வாங்கும்போது பழையதை மாற்றாகக் கொடுத்துவிட்டால் டிரைவும் அதோடு போய்விடும். நீல நட்சத்திரத்தில் நின்றுகொண்டு இப்படி மாற்றிக்கொண்டவர், அடுத்த நீலத்துக்குப் பாய முடியாமல் பக்கத்து மஞ்சள் நட்சத்திரத்தைத் தேட வேண்டியதாகும். உயர்ந்த டிரைவ் கீழுள்ள நிறங்களையும் திறந்துவிடுவதால், இண்டியம் டிரைவ் வந்ததும் இடப் பற்றாக்குறை இருந்தால் மற்ற இரண்டையும் கழற்றலாம். கழற்றும் முன் கப்பலின் பாயும் தூரத்தைக் குறித்துக்கொண்டு, பின்னர் சரிபார்த்துக்கொள்ளுங்கள். உயிருள்ள கப்பல் வைத்திருப்பவர்களுக்கு இந்த வரிசையே தேவையில்லை. அதிலுள்ள சிங்குலாரிட்டி கார்டெக்ஸ் சிவப்பு, பச்சை, நீலம் மூன்றுக்கும் பாயும். ஃபிரைட்டர் என்ற பெரிய தாய்க்கப்பலுக்கோ மேம்பாடுகள் தனி. அவற்றைச் சால்வேஜ்டு ஃபிரிகேட் மாட்யூல்களைக் கொண்டு திறக்க வேண்டும்.

நிறத்தின் பொருளாதாரப் பயன் ரிஃபைனரில் தெரியும். குரோமேட்டிக் மெட்டல் இந்த கேமில் எதற்கும் தேவைப்படும் பொருள். 2 செம்பு போட்டால் 1 கிடைக்கும். கேட்மியத்தில் ஒன்றுக்கு ஒன்று. 2 எமெரிலுக்கு 3. 1 இண்டியத்துக்கு 2. ஒரு பாய்ச்சலுக்கு எரிபொருளான ஒரு வார்ப் செல் செய்ய ஒரு ஆன்டிமேட்டரும் அதை வைக்கும் கூடு ஒன்றும் வேண்டும். ஆன்டிமேட்டருக்கு 25 குரோமேட்டிக் மெட்டலும் 20 கன்டென்ஸ்டு கார்பனும். கூட்டுக்கு 30 ஆக்சிஜனும் 50 ஃபெரைட் டஸ்ட்டும். ஐந்து பாய்ச்சலுக்கான எரிபொருளுக்கு 125 குரோமேட்டிக் மெட்டல் ஆகிறது. செம்பிலிருந்து எடுத்தால் 250 தோண்ட வேண்டும். இண்டியத்தில் 63 போதும். நீல நட்சத்திரத்துக்குப் போய்வந்தவருக்கு எரிபொருள் கவலை ஏன் தீர்கிறது என்பது இந்தக் கணக்கில் இருக்கிறது.

கடும் வானிலையுள்ள கிரகங்களில் இதே உலோகங்களின் 'ஆக்டிவேட்டட்' வடிவம் கிடைக்கும். அதற்கு மகசூல் இரட்டிப்பு: ஆக்டிவேட்டட் செம்பு ஒன்றுக்கு ஒன்று, ஆக்டிவேட்டட் இண்டியம் ஒன்றுக்கு நான்கு. விற்பனை விலையிலும் இடைவெளி பெரிது. சாதாரணச் செம்பின் அடிப்படை விலை 110 யூனிட், ஆக்டிவேட்டட் இண்டியத்துக்கு 949. தோண்டும்போது, அதற்கான கருவியான டெரெய்ன் மேனிபுலேட்டரின் வட்டத்தை மிகச் சிறியதாக வையுங்கள். அவசரத்தில் பெரிய வட்டத்தை வைத்துத் தோண்டினால் படிவு சீக்கிரம் காலியாகும், கையில் சேர்வது குறையும். நிரந்தர வருமானம் வேண்டுமென்றால் மல்ட்டி-டூல் என்ற கைக்கருவியில் வளம் செறிந்த இடங்களைக் (ஹாட்ஸ்பாட்) காட்டும் சர்வே டிவைஸ் பொருத்தி, இண்டியம் ஹாட்ஸ்பாட்டும் மின்சாரம் தரும் மின்காந்த ஹாட்ஸ்பாட்டும் அருகருகே இருக்கும் இடத்தைத் தேட வேண்டும். இரண்டுக்கும் இடைவெளி கூடினால் கம்பி இழுக்கும் வேலையும் பைப் செலவும் கூடும். மிக உயர்ந்த தரமான எஸ் வகை ஹாட்ஸ்பாட் கிடைக்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை. பக்கத்திலேயே மின்சாரம் கிடைக்கும், அதற்கடுத்த தரமான ஏ வகை பெரும்பாலும் நடைமுறையில் லாபம்.

இந்த இடத்தில் ஒரு தவறான நம்பிக்கையைத் திருத்திவிட வேண்டும். நீல நட்சத்திரத்தில் நல்ல கப்பல்கள் வரும் என்று பலர் இன்னும் சொல்கிறார்கள். கப்பலின் தரத்தை நட்சத்திரத்தின் நிறம் தீர்மானிப்பதில்லை. அந்த அமைப்பின் பொருளாதாரச் செழிப்புதான் தீர்மானிக்கிறது. மூன்று நட்சத்திரக் குறி பெற்ற பொருளாதாரத்தில் எஸ் வகைக் கப்பல் வந்திறங்க 2 சதவீத வாய்ப்பு. அது மஞ்சள் நட்சத்திரமாக இருந்தாலும் அதே 2 சதவீதம்தான். கப்பலில் எகானமி ஸ்கேனர் பொருத்திக்கொண்டு வரைபடத்தில் பொருளாதார வடிகட்டியைப் போட்டுத் தேடுங்கள், நிறத்தைப் பார்க்காதீர்கள்.

கேமின் பழைய குறையும் இதுவேதான். நான்கு நிறங்களும் நான்கு உலோகங்களாக இருந்தன, நான்கு வகை உலகங்களாக இருக்கவில்லை. பச்சை நட்சத்திரம் இதற்கு மோசமான எடுத்துக்காட்டு. இ வகை இந்தப் பிரபஞ்சத்துக்கென்றே கற்பனை செய்யப்பட்டது. எமெரிலும் கற்பனை உலோகம். இவ்வளவு சுதந்திரம் இருந்தும் அங்கே போனால் நினைவில் நிற்கும்படி ஒன்றுமில்லை. 250 எமெரில் எடுத்ததும் நீலத்துக்குக் கிளம்பிவிடுவார்கள், பிறகு திரும்புவதில்லை. சிவப்புக்கும் ஏறத்தாழ அதே கதி. அதோடு எந்த நிறமானாலும் நட்சத்திரம் என்பது தொலைவில் தெரியும் ஓர் ஒளிதான். அதை நோக்கி எவ்வளவு நேரம் பறந்தாலும் நெருங்க முடியாது. கிரகங்களும் அதைச் சுற்றி வருவதில்லை. நின்ற இடத்தில் நிற்கின்றன.

வானியல் தெரிந்தவர்களுக்கு இந்த எழுத்து வரிசை சுவையான பொருள். ஹார்வர்டில் ஆனி ஜம்ப் கேனன் ஒழுங்குபடுத்திய வகைப்பாடு ஓ, பி, ஏ, எஃப், ஜி, கே, எம் என்று போகிறது. மிக வெப்பமானதில் தொடங்கி மிகக் குளிர்ந்ததில் முடியும். கேம் இதில் ஆறு எழுத்துகளை எடுத்துக்கொண்டு ஏ-வை விட்டுவிட்டது. இரவு வானில் மிகப் பிரகாசமாகத் தெரியும் சிரியஸ் ஏ வகை, வேகாவும் ஏ வகை. வெண்ணிற நட்சத்திரம் என்பதே இல்லாத ஒரு பிரபஞ்சம் இப்படித்தான் உருவானது. ஆரஞ்சாகத் தெரிய வேண்டிய கே வகையையும் எம் வகையோடு சேர்த்துச் சிவப்பாக்கிவிட்டார்கள். நிஜத்தில் நம் விண்மண்டலத்து நட்சத்திரங்களில் ஏறத்தாழ முக்கால் பங்கு எம் வகைச் சிவப்புக் குள்ளன்கள். கேமிலோ மஞ்சள்தான் எங்கும். புதியவர் போகக்கூடிய நட்சத்திரங்கள் அதிகம் இருக்க வேண்டும் என்பதால் இதைக் குறையாகச் சொல்ல முடியாது.

நிஜ வானில் பச்சை நட்சத்திரம் கிடையாது. பச்சை அலைநீளத்தில் உச்சமாக ஒளிரும் நட்சத்திரங்கள் உண்டு. நம் சூரியனின் உச்சமே ஏறக்குறைய 500 நானோமீட்டர், நீலப்பச்சைப் பகுதி. ஆனால் அப்படிப்பட்ட நட்சத்திரம் உச்சத்துக்கு இருபுறமும் சிவப்பையும் நீலத்தையும் தாராளமாகக் கொட்டுகிறது. எல்லாம் சேர்ந்து கண்ணுக்கு வெண்மையாகத் தெரிகிறது. ஊதாவும் இல்லாததற்குக் காரணம் இதை ஒட்டியது. 30,000 கெல்வினைத் தாண்டிய ஓ வகையின் உச்சம் புற ஊதாவுக்குப் போய்விட்டாலும், கண்ணுக்குத் தெரியும் பகுதியில் எல்லா நிறமும் கலந்தே வருகிறது; ஊதாவை நம் கண் மங்கலாகத்தான் உணரும் என்பதால் நீலம் கலந்த வெண்மையே மிஞ்சுகிறது. ஆக இ, எக்ஸ், ஒய் மூன்றும் முழுக் கற்பனை. இதில் ஒய் மட்டும் சற்று உறுத்துகிறது. 2011-இல் வைஸ் விண்வெளித் தொலைநோக்கியின் தரவுகளில் கண்டறியப்பட்ட மிகக் குளிர்ந்த பழுப்புக் குள்ளன்களுக்கு (நட்சத்திரமாகும் அளவு நிறை சேராதவை) வானியலாளர்கள் வைத்திருக்கும் எழுத்து அது. அவற்றில் சிலவற்றின் வெப்பம் மனித உடலின் வெப்பத்துக்குக்கூட எட்டாது. அந்த எழுத்தைக் கேம் தன் மிக அரிய, மிகப் பகட்டான நட்சத்திரத்துக்குக் கொடுத்திருக்கிறது.

மாறாக, நீலத்துக்கு இண்டியத்தைத் தேர்ந்தெடுத்தது அருமை. 1863-இல் ஃபெர்டினான்ட் ரைக், தியோடோர் ரிக்டர் இருவரும் இண்டியத்தைக் கண்டறிந்ததே நிறமாலையில் தெரிந்த ஒரு பளிச்சென்ற கருநீலக் கோட்டை வைத்துத்தான். சிவப்புக்குக் கேட்மியமும் பொருந்துகிறது. ஓவியர்கள் பயன்படுத்தும் அழுத்தமான சிவப்பு வண்ணங்களில் கேட்மியம் சேர்ந்தவை உண்டு. இப்படிப் பொருத்தம் பார்த்துச் செய்தவர்கள் ஊதாவுக்குக் குவார்ட்சைட்டைக் கொடுத்திருக்கிறார்கள். அது உலோகமன்று, பாறை.

இனி ஊதா. இந்த நட்சத்திரங்கள் வரைபடத்தில் முதல் நாளிலிருந்து கிடைக்காது. ஆர்ட்டிமிஸ் என்ற பாத்திரத்தின் கதையில் தொடங்கி ஆட்டோஃபேஜ் என்ற இயந்திர இனத்தின் கதை வரை வரும் பணிகளை முடித்தவர்களுக்கே 'இன் ஸ்டெல்லார் மல்ட்டிட்யூட்ஸ்' என்ற பணி வரும். அட்லாண்டிட் டிரைவ் அதன் வழியாகத்தான் கைக்கு வரும். கதை என்ன ஆகிறது என்பதைச் சொல்லிக் கெடுக்க வேண்டாம். பிரபஞ்சத்தில் இதுவரை இல்லாத ஒரு நட்சத்திர வகை ஏன் இப்போது தோன்றுகிறது என்பதற்கு அதில் காரணம் இருக்கிறது, அந்தக் காரணம் பழைய கதையோடு ஒட்டுகிறது. புதிய உள்ளடக்கத்தை வெறும் அப்டேட்டாகக் கொண்டுவந்து போடாமல், நட்சத்திரங்கள் பிறப்பதையே கதையின் முடிவாக வைத்தது இந்த ஸ்டூடியோ செய்த மிக அழகான காரியங்களில் ஒன்று.

தொழில்நுட்பக் காரணமும் உண்டு, அதுவும் பாராட்டத்தக்கது. இந்தப் பிரபஞ்சம் ஒரு சூத்திரத்திலிருந்து உருவாகிறது. 2-இன் 64-ஆம் அடுக்கு, அதாவது 18,446,744,073,709,551,616 கிரகங்களுக்கு அதில் இடம் இருக்கிறது. நிலவடிவச் சூத்திரத்தைத் தொட்டால் ஏற்கெனவே இருக்கும் கிரகங்களெல்லாம் உருமாறும். விளையாடுபவர்கள் வருடக்கணக்கில் கட்டிய வீடுகள் மலைக்குள் புதையும், அல்லது அந்தரத்தில் தொங்கும். ஊதா நட்சத்திரங்களைப் புதிதாகச் சேர்த்து, புதிய நிலவடிவங்களை அங்கே மட்டும் வைத்ததால் பழையவை அப்படியே தப்பின. உயர்ந்த மலைகளும் அவற்றுக்கு நடுவே மறைந்த பள்ளத்தாக்குகளும் பழைய கிரகங்களில் கிடைக்காத வகையில் இங்கே கிடைக்கின்றன.

ஊதாவுக்கே உரியவை இரண்டு: ஆழ்கடல் கிரகங்களும் வியாழன் போன்ற பெரும் வாயுக் கிரகங்களான வாயு அரக்கன்களும். பழைய கிரகங்களின் கடல் என்பது நிமிடத்தில் அடி தொடும் குளம். இங்கே கடல் ஆழம் கிலோமீட்டர் கணக்கில் போகிறது. கீழே இறங்க இறங்க ஒளி மங்கி, பிறகு முழு இருள், அந்த இருளில் தாமாக ஒளிரும் உயிரினங்கள். இதற்கு ஆயத்தமில்லாமல் போகக் கூடாது. எக்சோசூட் என்ற உடையில், நீருக்கடியில் காற்றை நீட்டித்துத் தரும் ஏரேஷன் மெம்பரேன் இல்லாமல் குதித்தால் பாதி ஆழத்தில் காற்று தீரும், மேலே வரும் நேரத்தையும் சேர்த்துத்தான் கணக்குப் போட வேண்டும். நாட்டிலான் நீர்மூழ்கி இருந்தால் அதிலேயே இறங்குவது உத்தமம். கப்பலை நிறுத்தத் தரை கிடைப்பது அரிது என்பதால் தண்ணீரில் இறங்க உதவும் அக்வாட்டிக் லேண்டிங் ஜெட்ஸைப் பொருத்திக்கொள்ளுங்கள். ஏவு எரிபொருளையோ யுரேனியத்தையோ கையிருப்பில் வைத்திருங்கள். சாதாரணக் கப்பலில் முழு டேங்க் நான்கு முறை புறப்பட்டதும் தீர்ந்துவிடும். நிலப்பரப்பே இல்லாத கிரகத்தில் எரிபொருள் தீர்ந்தால் அதைச் செய்யும் பொருள்களைத் தேடுவது பெரும்பாடு.

வாயு அரக்கன் தொலைவில் பார்க்க ஒரு மாதிரி, உள்ளே புகுந்தால் வேறு மாதிரி. மற்றக் கிரகங்களைவிடப் பல மடங்கு பெரியது. அதைச் சுற்றி நிலவுகள். மேகத்துக்குள் நுழைந்து நெடுநேரம் கீழே போனால் திடமான மையம் வருகிறது, அதில் இறங்கி நடக்கலாம். வியாழனின் அமைப்பைப் படித்தவர்கள் இதை ஏற்க மாட்டார்கள், ஆனாலும் அந்தத் தரையில் நின்று மேலே பார்க்கும் காட்சிக்காக மன்னித்துவிடலாம். சூறைக்காற்று ஆளைத் தள்ளிக்கொண்டே இருக்கும், மின்னல் ஓயாது. உடையின் பாதுகாப்பை மீண்டும் நிரப்பும் சோடியம் நைட்ரேட்டோ அயன் பேட்டரியோ போதுமான அளவு இல்லாமல் கப்பலைவிட்டு இறங்காதீர்கள். தங்குமிடம் அமைக்க நினைப்பவர்களுக்கு நல்ல யோசனை: மையத்தில் கட்டுவதைவிட நிலவில் கட்டுங்கள். வானத்தின் பாதியை வாயு அரக்கன் அடைத்துக்கொண்டு நிற்கும், வானிலையும் உயிரை எடுக்காது.

ஊதாவின் மீதுள்ள ஒரே பெரிய புகார் அது இருக்கும் தூரம். கேமின் மிகச் சிறந்த கிரகங்கள், மிக நீண்ட கதை வரிசையின் கடைசியில் பூட்டி வைக்கப்பட்டிருக்கின்றன. இடையில் வரும் பணிகளில் சில உயிரோட்டமானவை. சில, ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் பாய்ந்து நான்கு வரி வசனம் படித்துவிட்டுத் திரும்புபவை. வேலைக்குப் போய்வந்து இரவில் ஒரு மணி நேரம் விளையாடுபவர் வாரக்கணக்கில் ஊதாவைப் பார்க்கவே மாட்டார். கதையைப் பாதி தாண்டியவர்களுக்காவது ஓர் ஊதா நட்சத்திரத்தைக் காட்டியிருக்கலாம். 5-க்கு 4 மதிப்பெண் கொடுக்கிறோம்; அந்த ஒரு மதிப்பெண் போவது இந்தப் பூட்டுக்கும் பச்சை நட்சத்திரத்தின் வெறுமைக்கும்.

வாங்குவதில் தயக்கம் வேண்டாம். இத்தனை வருட அப்டேட்டுகளும் இலவசம். தனியாகக் காசு கொடுத்து வாங்க வேண்டிய பகுதி எதுவும் இல்லை. ஸ்டீமில் பாதி விலைக்குச் சலுகை அடிக்கடி வருவதால் முழு விலை கொடுக்க அவசியமில்லை. பிசி, மேக், பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் எல்லாவற்றிலும் கிடைக்கிறது. கேமுக்குள் தமிழ் இல்லை. ஊதாவுக்குப் போகும் பணிகளில் வாசிக்க வேண்டிய ஆங்கிலம் அதிகம் என்பதைச் சிறுவர்களுக்கு வாங்கித் தருபவர்கள் கவனிக்க வேண்டும்.

நேரம் குறைவாக உள்ளவர்கள் புதிய சேவ் தொடங்கும்போது கஸ்டம் முறையைத் தேர்ந்தெடுத்து எரிபொருள் செலவை மட்டும் இலவசமாக்கிக்கொள்ளலாம். வார்ப் செல் செய்யும் வேலை மிச்சமாகும். டிரைவ்களுக்கான உலோக வரிசை அப்படியே இருக்கும். உயிர்பிழைப்பு அபாயங்களை அணைக்காதீர்கள், அணைத்தால் வாயு அரக்கனின் மையம் வெறும் காட்சியாகிவிடும். ஆர்ட்டிமிஸ் பணி வந்ததும் பணிப் பட்டியலில் அதைத் தேர்ந்தெடுத்து வையுங்கள். இல்லையென்றால் கட்டுமானப் பணிகளின் அறிவிப்புகள் மேலே வந்து முதன்மைக் கதையை மறைத்துவிடும்.